பார்வைப் புலமும் பார்வைக் கோணமும்: எவ்வாறு அளக்கப்படுகின்றன?

மாரண்டஹள்ளி பேருந்து நிறுத்தத்தில் நிற்கும் ஒருவர், தொலைவில் வரும் பேருந்தின் பெயர்ப் பலகையைக் கண்ணாடி அணியாமலே படித்துவிடக்கூடும். அவரே சாலையைக் கடக்கும்போது பக்கவாட்டில் வரும் இருசக்கர வாகனத்தைக் காணாமல் போகவும் கூடும். "எனக்குக் கண் நன்றாகத்தான் தெரிகிறது" என்று அவர் சொல்வதில் பொய் ஏதும் இல்லை. அவருடைய பார்வையின் நடுப்பகுதி நன்றாக உள்ளது, ஓரப்பகுதி குறைந்துவிட்டது.

கண் எவ்வளவு நுண்ணியதைப் பார்க்கிறது என்பது ஒரு கேள்வி. எவ்வளவு பரப்பைப் பார்க்கிறது என்பது மற்றொரு கேள்வி. முதலாவதற்குப் பார்வைக் கூர்மை என்றும் இரண்டாவதற்குப் பார்வைப் புலம் என்றும் பெயர். சுவரில் தொங்கும் எழுத்துப் பலகையைப் படிக்கச் சொல்லும் சோதனை கூர்மையை மட்டுமே அளக்கிறது. கண் நீர் அழுத்த நோய், அதாவது பலரும் குளுக்கோமா என்று கேள்விப்பட்டிருக்கும் நோய், பெரும்பாலும் புலத்தையே முதலில் அரிக்கிறது. உங்களுக்கோ உங்கள் வீட்டில் ஒருவருக்கோ பார்வைப் புலச் சோதனை செய்துவருமாறு மருத்துவர் எழுதிக் கொடுத்திருந்தால், அச்சோதனை எதை அளக்கிறது, அதில் உங்கள் பங்கு என்ன, முடிவில் கையில் தரப்படும் தாளில் இருப்பவை என்ன என்பவற்றை இங்கே அறிந்துகொள்ளலாம்.

பார்வைக் கோணம்

ஒரு பொருளின் இரு ஓரங்களிலிருந்தும் கண்ணுக்கு இரண்டு கோடுகள் வரைவதாகக் கொள்ளுங்கள். அக்கோடுகளுக்கு இடையே அமையும் கோணமே அப்பொருளின் பார்வைக் கோணம். அருகில் இருக்கும் சிறிய பொருளும் தொலைவில் இருக்கும் பெரிய பொருளும் கண்ணுக்கு ஒரே அளவாகத் தோன்றலாம். முழு நிலவு வானத்தில் ஏறத்தாழ அரைப் பாகை அகலம் உடையது. ஒரு பத்து ரூபாய் நாணயத்தைப் பத்தடி தொலைவில் பிடித்தால் அதுவும் அதே அரைப் பாகைதான். ஆகையால் கண்ணின் திறனைக் கூறும்போது பொருளின் அளவை மட்டும் கூறினால் போதாது; கோணத்தைக் கூற வேண்டும்.

முழு வட்டம் 360 பாகை. பேச்சு வழக்கில் டிகிரி என்கிறோம். ஒரு பாகையை 60 கூறாக்கினால் ஒரு கூறு ஒரு கலை. இந்த அளவுகளை உணர்ந்துகொள்ளக் கருவி தேவையில்லை. கையை முழுவதும் நீட்டிக் கட்டைவிரலை நிமிர்த்துங்கள்: அதன் அகலம் ஏறத்தாழ 2 பாகை. அதே கையை மடக்கி முட்டியாக்கினால் அதன் அகலம் ஏறத்தாழ 10 பாகை. இந்த முட்டி அளவை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மாற்றுத்திறனாளி சான்றிதழ் பற்றிக் கூறும்போது மீண்டும் தேவைப்படும்.

எழுத்துப் பலகையில் உள்ள 6/6 என்ற குறிப்பும் கோணக் கணக்கே. நெதர்லாந்து நாட்டுக் கண் மருத்துவர் ஸ்னெல்லன் 1862-இல் வகுத்த முறை இது. 6 மீட்டர் தொலைவில் 5 கலைக் கோணம் அமைக்கும் எழுத்தைப் படிக்க இயன்றால் பார்வை 6/6. அவ்வெழுத்தின் உயரம் ஏறத்தாழ 8.7 மில்லிமீட்டர், அதன் ஒவ்வொரு கோடும் ஒரு கலைத் தடிப்பு. இயல்பான கண் 60 மீட்டரில் படிக்கும் எழுத்தை ஒருவர் 6 மீட்டரில்தான் படிக்கிறார் என்றால் அவருடைய பார்வை 6/60. பலகையின் உச்சியில் இருக்கும் பெரிய எழுத்து அதுவே. அறை சிறியதாக இருந்தால் கண்ணாடியில் எதிரொளிக்கச் செய்து 3 மீட்டர் நீள அறையிலேயே 6 மீட்டரைப் பெறுவார்கள். படிக்கத் தெரியாதவர்களுக்குத் திசை காட்டும் குறிகள் கொண்ட பலகை உண்டு. எழுத்தறிவு இல்லை என்று தயங்கிச் சோதனையைத் தவிர்க்க வேண்டாம்.

இக்கணக்கைப் பேருந்துப் பலகைக்குப் பொருத்திப் பாருங்கள். எழுத்து 15 சென்டிமீட்டர் உயரம் என்றால், 6/6 பார்வை உடையவர் ஏறத்தாழ 100 மீட்டர் தொலைவிலும், 6/60 பார்வை உடையவர் 10 மீட்டர் அளவில் நெருங்கிய பின்னரும் படிப்பார்கள். தமிழ் எழுத்தின் சுழிகளும் கொம்புகளும் பலகையின் எளிய குறிகளைவிட நெருக்கமானவை என்பதால், நடைமுறையில் இன்னும் சற்று அருகில் வரவேண்டியிருக்கும்.

6/6 என்பதைப் பலர் கண்ணுக்கு அளிக்கப்பட்ட நூற்றுக்கு நூறு மதிப்பெண்ணாகக் கருதிவிடுகிறார்கள். அது பார்வையின் நட்ட நடுவிலுள்ள மிகச் சிறிய பகுதிக்கு அளிக்கப்பட்ட மதிப்பெண். நீட்டிய கையின் கட்டைவிரல் நகத்தின் அளவு கொண்ட அப்பகுதிக்கு வெளியே என்ன நிகழ்கிறது என்பதை எழுத்துப் பலகை சொல்லாது.

பார்வைப் புலம்

ஒரு கண்ணை மூடி, மற்றக் கண்ணால் எதிரே ஒரே புள்ளியை நோக்கிக்கொண்டிருக்கும்போது, கண்ணை அசைக்காமல் உணர முடிகின்ற பரப்பு முழுவதும் அக்கண்ணின் பார்வைப் புலம். நலமான கண்ணில் அது மேற்புறம் ஏறத்தாழ 60 பாகை, மூக்குப் பக்கம் 60 பாகை, கீழ்ப்புறம் 70 முதல் 75 பாகை, பொட்டுப் பக்கம் 90 பாகைக்குச் சற்றுக் கூடுதலாகவும் விரியும். மேலே புருவமும் பக்கத்தில் மூக்கும் மறைப்பதால் எல்லாப் பக்கமும் சமமாக இல்லை. இரு கண்களின் புலங்களும் நடுவில் ஏறத்தாழ 120 பாகை அகலத்துக்கு ஒன்றன்மேல் ஒன்று படிகின்றன. ஒரு கண்ணில் ஏற்படும் இழப்பை மற்றக் கண் மூடிமறைப்பது இதனால்தான். சோதனை ஒவ்வொரு கண்ணுக்கும் தனித்தனியாகச் செய்யப்படுவதன் காரணமும் இதுவே.

எல்லையை மட்டும் கூறினால் புலம் முழுமையாக விளங்காது. புலத்துக்குள் எல்லா இடமும் ஒரே திறன் உடையதன்று. மருத்துவர்கள் அதை ஒரு மலையாகக் கற்பனை செய்வார்கள். நடுவில் கூர்மையான சிகரம். அங்கே மிக மங்கிய ஒளியும் தெரியும். சிகரத்திலிருந்து விலக விலகச் சரிவு இறங்குகிறது. ஓரத்தில் பிரகாசமான ஒளி மட்டுமே தெரியும். அந்தச் சரிவில், பொட்டுப் பக்கம் நடுவிலிருந்து ஏறத்தாழ 15 பாகை தொலைவில், ஆழமான கிணறு ஒன்று உண்டு. பார்வை நரம்பு விழித்திரையை விட்டு வெளியேறும் இடம் அது. அங்கே ஒளியை உணரும் உயிரணுக்கள் இல்லை. பிரெஞ்சு அறிஞர் மரியோட் 17-ஆம் நூற்றாண்டில் கண்டறிந்த இக்கிணறு குருட்டுப் புள்ளி எனப்படுகிறது.

அதை இப்போதே வீட்டில் காணலாம். வெள்ளைத் தாளில் ஒரு கூட்டல் குறி இடுங்கள். அதற்கு வலப்புறம் நேராக 8 சென்டிமீட்டர், அதாவது நான்கு விரற்கடை தள்ளி, சட்டைப் பொத்தான் அளவில் ஒரு கரும்புள்ளி வையுங்கள். இடக்கண்ணைக் கையால் மூடி, வலக்கண்ணால் கூட்டல் குறியை மட்டும் உற்று நோக்கியபடி தாளை முகத்திலிருந்து ஏறத்தாழ 30 சென்டிமீட்டரில் பிடித்துச் சற்று முன்னும் பின்னும் நகர்த்துங்கள். ஓரிடத்தில் கரும்புள்ளி காணாமல் போகும். அஞ்ச வேண்டாம், எல்லோருக்கும் இது நிகழும்.

மறைந்த இடத்தில் நீங்கள் கண்டது என்ன என்பதைக் கவனியுங்கள். கருப்பு ஓட்டை ஏதும் தெரிந்திருக்காது. சுற்றியுள்ள வெள்ளைத் தாளைக் கொண்டு மூளை அவ்விடத்தை நிரப்பிவிட்டது. கண் நீர் அழுத்த நோயில் பார்வை நரம்பின் இழைகள் சிறிது சிறிதாக அழியும்போதும் நிகழ்வது இதுவே. குறைந்த இடம் கருப்பாகத் தெரிவதில்லை. சுற்றியுள்ள காட்சியால் பூசி மெழுகப்படுகிறது. வலியும் பெரும்பாலும் இல்லை. நோயாளி தானாக உணரும்போது இழப்பு மிக முன்னேறியிருக்கும். இழந்த புலத்தை மருந்தாலோ அறுவை சிகிச்சையாலோ மீட்க முடியாது. எஞ்சியதைக் காப்பாற்றுவதே சிகிச்சையின் நோக்கம்.

தமிழகத்திலேயே இதற்குச் சான்று உண்டு. தென் மாவட்டங்களில் 40 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களிடம் அரவிந்த் கண் மருத்துவமனை நடத்தி 2003-இல் வெளியிட்ட ஆய்வும், சென்னையிலும் அதனைச் சுற்றிய ஊர்ப்புறங்களிலும் சங்கர நேத்ராலயா நடத்திய ஆய்வும் ஒரே செய்தியைத் தந்தன. திறந்த கோண வகைக் கண் நீர் அழுத்த நோய் கண்டறியப்பட்டவர்களில் பத்தில் ஒன்பது பேருக்குக் குறையாமல், தமக்கு அந்நோய் இருப்பதை அதுவரை அறியாதவர்களாக இருந்தனர்.

கருவியின்றி அளப்பது

முதல் நிலைச் சோதனைக்கு மருத்துவரின் விரல்களே போதும். மருத்துவர் உங்களுக்கு எதிரே ஒரு மீட்டர் தொலைவில், கண்ணுக்கு நேர் கண்ணாக அமர்வார். நீங்கள் இடக்கண்ணை மூடினால் அவர் தம் வலக்கண்ணை மூடிக்கொள்வார். அவருடைய திறந்த கண்ணை நீங்கள் நோக்கியபடி இருக்க, நான்கு மூலைகளிலும் விரல்களைக் காட்டி எத்தனை என்று கேட்பார். அல்லது அசையும் விரலை வெளியிலிருந்து உள்ளே கொண்டுவந்து, தெரிந்தவுடன் சொல்லச் சொல்வார். அவருடைய புலமே இங்கே அளவுகோல். பக்கவாதத்துக்குப் பின் ஏற்படும் பாதிப் புல இழப்பு போன்ற பெரிய குறைகளை இச்சோதனை சில நிமிடங்களில் காட்டிவிடும்.

தொடக்க நிலைக் கண் நீர் அழுத்த நோயை இது பெரும்பாலும் தவறவிடும் என்பதையும் அறிந்திருங்கள். விரல் மிகப் பெரிய, மிகத் தெளிவான குறி. சரிவின் ஒரு பகுதி சற்றுத் தாழ்ந்திருப்பதை விரலால் கண்டுகொள்ள இயலாது. "விரல் எல்லாம் தெரிந்தது, பிறகு ஏன் கருவிச் சோதனை?" என்ற கேள்விக்கு இதுவே விடை.

கருவியால் அளப்பது

பெரிமீட்டர் எனப்படும் பார்வைப்புலமானி, முகத்தை நோக்கிக் கவிழ்த்த ஒரு பெரிய வெள்ளைக் கிண்ணம் போன்றது. சுவிட்சர்லாந்து நாட்டு மருத்துவர் கோல்ட்மன் 1945-இல் அதன் அளவுகளை வரையறுத்தார்: கிண்ணத்தின் ஆரம் 30 சென்டிமீட்டர், பின்னணி ஒளி மாறாத ஒரே அளவு. அக்காலத்தில் சோதிப்பவர் ஒளிப்புள்ளியைக் கையால் நகர்த்தி வரைபடம் வரைந்தார். இன்று கணினி அதைச் செய்கிறது. புள்ளி நகர்வதில்லை, ஒவ்வோர் இடத்திலும் தோன்றி மறைகிறது. ஆனால் ஒளிப்புள்ளியின் அளவுகளும் பின்னணி ஒளியும் பெருமளவு கோல்ட்மன் வகுத்தவையே.

வழக்கமாகப் பயன்படும் ஒளிப்புள்ளியின் அகலம் 0.43 பாகை. பன்னிரண்டு அடி தொலைவில் பிடித்த பத்து ரூபாய் நாணயம் எவ்வளவு பெரியதாகத் தெரியுமோ அவ்வளவு. அது ஐந்தில் ஒரு நொடி மட்டுமே ஒளிரும். கண் நீர் அழுத்த நோய்க்குப் பெரும்பாலும் செய்யப்படும் 24-2 என்ற முறையில், 6 பாகை இடைவெளியில் அமைந்த 54 இடங்கள் சோதிக்கப்படுகின்றன. நோய் நடுப்பகுதியை நெருங்கியிருந்தால் 10-2 என்ற முறை. அதில் 2 பாகை இடைவெளியில் 68 இடங்கள். 60, 70 பாகைவரை விரியும் புலத்தில் நடு 24 பாகையை மட்டும் ஏன் சோதிக்க வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். இந்நோயின் சேதம் பெரும்பாலும் இந்தப் பரப்புக்குள் முதலில் வெளிப்படுகிறது. ஓரங்களையும் சேர்த்தால் சோதனை நீண்டு கண் களைத்துவிடும்.

ஒவ்வோர் இடத்திலும் கருவி தேடுவது ஒன்றே: உங்கள் கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் இருக்கும் எல்லை ஒளி எவ்வளவு? தெரிந்தது என்று நீங்கள் பொத்தானை அழுத்தினால் அடுத்த முறை ஒளியை மங்கலாக்கும், அழுத்தாவிட்டால் கூட்டும். ஆகவே, முற்றிலும் நலமான கண் உடையவருக்கும் காட்டப்படும் ஒளிகளில் ஏறத்தாழ பாதி தெரியாது. சோதனை அவ்வாறே அமைக்கப்பட்டுள்ளது. இதைச் சோதனைக்கு முன்பே சொல்லாததால்தான் பலர் பாதியில் கலங்கி, "எதுவும் தெரியவில்லையே, கண் போய்விட்டது போலும்" என்று நினைத்து ஊகத்தால் பொத்தானை அழுத்தத் தொடங்குகிறார்கள். அழைத்துச் செல்லும் குடும்பத்தினர் இந்த ஒரு செய்தியை மட்டும் வழியிலேயே சொல்லிவிட்டால் பாதி வேலை முடிந்தது.

நோக்க வேண்டிய நடு ஒளியிலிருந்து கண்ணை நகர்த்தாதீர்கள். ஓரத்தில் ஒளி தோன்றும்போது அத்திசையில் திரும்பிப் பார்க்கத் தோன்றுவது இயல்பு. அதை அடக்குவதே இச்சோதனையின் கடினமான பகுதி. நீங்கள் நகர்கிறீர்களா என்பதைக் கருவி எவ்வாறு அறிகிறது தெரியுமா? முன்பு நீங்கள் தாளில் கண்ட அதே குருட்டுப் புள்ளிக்குள் அவ்வப்போது ஒளியைக் காட்டுகிறது. கண் அசையாதிருந்தால் அது தெரியக் கூடாது. தெரிந்தது என்று பொத்தான் அழுத்தப்பட்டால், கண் இடம் மாறிவிட்டது என்று குறித்துக்கொள்ளும்.

கண் சிமிட்டலாம், பொத்தானை அழுத்தும் நேரத்தில் சிமிட்டிக்கொள்வது நல்லது. களைப்பாக இருந்தால் பொத்தானை அழுத்தியபடியே பிடித்திருங்கள். பெரும்பாலான கருவிகள் அப்போது நின்றுவிடும். ஒரு கண்ணுக்கு 4 முதல் 8 நிமிடங்கள் ஆகலாம். கழுத்து வலி, உயரம் பொருந்தாத இருக்கை, தொங்கும் மேலிமை, நெற்றியில் சரியும் முக்காடு ஆகியவை சோதனையைக் கெடுக்கும். இமை தொங்கினால் புலத்தின் மேற்பகுதி இல்லாததுபோல் பதிவாகும். மெல்லிய ஒட்டு நாடாவால் இமையைத் தூக்கி ஒட்டச் சொல்லிக் கேளுங்கள். வழக்கமாக அணியும் கண்ணாடியையும் அதன் அளவுச் சீட்டையும் கொண்டு செல்லுங்கள். கிண்ணம் 30 சென்டிமீட்டர் அருகில் இருப்பதால், நாற்பதைக் கடந்தவர்களுக்கு அதற்கேற்ற வில்லை பொருத்தப்பட வேண்டும். வில்லை தவறினால் நோய் இல்லாத இடத்திலும் புலம் மங்கியதாகக் காட்டும்.

மாரண்டஹள்ளி, பாலக்கோடு பகுதிகளில் தெலுங்கும் கன்னடமும் தாய்மொழியாக உடைய குடும்பங்கள் பல. மூத்தவர்களுக்குச் சோதனை விளக்கத்தை வீட்டு மொழியில் சொன்னால்தான் முழுமையாக விளங்கும். உடன் செல்பவர் அவர்களுக்குப் புரியும் மொழியில் ஒருமுறை சொல்லிக்காட்டி, பொத்தானை ஒரிருமுறை அழுத்திப் பழகவும் அனுமதி கேளுங்கள். சோதனை தொடங்கிய பின் அறையில் பேச வேண்டாம்.

தாளில் இருப்பவை

எண்கள் டெசிபல் அளவில் இருக்கும். இங்கே எண் குறைந்தால் பார்வை குறைவு. 0 என்றால் கருவியின் மிகப் பிரகாசமான ஒளி மட்டுமே அங்கே தெரிகிறது, அல்லது அதுவும் தெரியவில்லை என்று பொருள். ஒவ்வொரு 10 டெசிபலுக்கும் ஒளி பத்தில் ஒரு பங்காக மங்குகிறது; 30 டெசிபல் என்பது உச்ச ஒளியில் ஆயிரத்தில் ஒரு பங்கைக் கண் கண்டுகொண்டதைக் குறிக்கும். எண்களுக்குப் பக்கத்தில் சாம்பல் நிறப் படம் ஒன்று இருக்கும். கருமை மிகுந்த இடம் திறன் குறைந்த இடம். அதில் பொட்டுப் பக்கம் தெரியும் கரும்பொட்டு உங்கள் குருட்டுப் புள்ளிதான். அதைக் கண்டு கலங்காதீர்கள். இந்தப் படம் கண்ணைக் கவர்வதைவிடக் குறைவாகவே உண்மையைச் சொல்லும். உங்கள் வயதுடையவர்களின் இயல்பான அளவோடு ஒப்பிட்டு அச்சிடப்படும் விலகல் படங்களையே மருத்துவர் முதன்மையாகப் பார்ப்பார்.

சராசரி விலகல் என்ற ஓர் எண்ணும் இருக்கும். 0-வை ஒட்டியிருந்தால் வயதுக்கேற்ற புலம். பொதுவாக −6 டெசிபல் வரை தொடக்க நிலை, −6 முதல் −12 வரை இடைநிலை, அதற்கும் கீழே முற்றிய நிலை என வகுப்பார்கள். இந்த ஒற்றை எண்ணை வைத்துக்கொண்டு நீங்களே முடிவுக்கு வராதீர்கள். கண்புரை இருந்தாலும் புலம் முழுவதும் மங்கி இந்த எண் குறையும். அறுவைக்குப் பின் அது உயரக்கூடும்.

முதல் சோதனை பெரும்பாலும் மோசமாகவே அமையும். சைக்கிள் ஓட்டுவதுபோல் இதையும் பழக வேண்டியுள்ளது. இரண்டாம், மூன்றாம் முறை முடிவுகள் மேம்படுவது வழக்கம். எனவே மருத்துவர் சில வாரங்களில் மீண்டும் செய்யச் சொன்னால், முதல் சோதனையைத் தவறாகச் செய்துவிட்டார்கள் என்றோ வீண் செலவு என்றோ கருத வேண்டாம். நோய் முன்னேறுகிறதா என்பது ஒரு தாளில் தெரியாது. பல தாள்களை அடுக்கிப் பார்க்கும்போதே தெரியும்.

ஆதலால் தாள்களைத் தொலைக்காதீர்கள். இப்பகுதி மக்கள் தருமபுரிக்கும் சேலத்துக்கும் செல்கிறார்கள். வேலைக்குப் போன பிள்ளைகளை முன்னிட்டு ஓசூரிலும் பெங்களூருவிலும் சிகிச்சை பெறுகிறார்கள். ஒவ்வோர் ஊரிலும் சோதனை புதிதாகத் தொடங்கினால், ஐந்து ஆண்டுச் சிகிச்சைக்குப் பிறகும் ஒப்பிட ஏதும் இராது. இயன்றவரை ஒரே வகைக் கருவியில், ஒரே முறையில் செய்யுங்கள். அச்சுத் தாளின் எழுத்து மங்கக்கூடும். கைப்பேசியில் படம் எடுத்து வைத்தால் போதும்.

இழப்பின் வடிவம்

புலம் எந்த வடிவில் குறைகிறது என்பது நோய் எங்கே உள்ளது என்பதைச் சுட்டும். கண் நீர் அழுத்த நோயில் குருட்டுப் புள்ளியிலிருந்து தொடங்கி நடுப்பகுதியை வளைத்துச் செல்லும் வில் போன்ற இழப்பும், மூக்குப் பக்கத்தில் படிபோன்ற வெட்டும் தோன்றும். கீழ்ப்புலம் குறைந்தவர்கள் படிக்கட்டிலும் வரப்பிலும் தடுக்கி விழுவார்கள். வீட்டார் அதை முதுமை என்று எண்ணிவிடுவதுண்டு. இரு கண்களிலும் ஒரே பக்கப் பாதி இல்லையெனில் குறை மூளையில். இரு கண்களிலும் பொட்டுப் பக்கப் பாதிகள் குறைந்தால் மூளையடிச் சுரப்பியருகே கட்டி உள்ளதா என்று பார்ப்பார்கள். விழித்திரை நிறமிச் சிதைவு நோயில் முதலில் மாலையிருட்டில் பார்வை தடுமாறும். பிறகு புலம் வளையமாகச் சுருங்கிக் குழாய் வழியே பார்ப்பதுபோல் ஆகும். இது பரம்பரை நோய். நெருங்கிய உறவில் மணம் முடித்த பெற்றோரின் பிள்ளைகளிடம் கூடுதலாகக் காணப்படுகிறது என்பதால், ஒரு பிள்ளைக்கு இருந்தால் உடன்பிறந்தவர்களையும் சோதிப்பது அவசியம்.

பார்வையின் ஒரு பாதி திடீரென மறைந்தாலோ, திரை இறங்குவதுபோல் தோன்றினாலோ, புலச் சோதனைக்கு நாள் குறித்துக் காத்திருக்காதீர்கள். அது பக்கவாதமாகவோ விழித்திரை விலகலாகவோ இருக்கலாம். பேச்சுக் குழறல், முகக் கோணல், கைகால் தளர்ச்சி ஆகியவையும் சேர்ந்திருந்தால் உடனே 108-ஐ அழையுங்கள்.

சட்டம் கூறும் பாகைகள்

மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம், 2016 பார்வையின்மையை இரண்டு வழிகளில் வரையறுக்கிறது. முதலாவது கூர்மை: சிறந்த கண்ணாடி அணிந்த பின்னும் இரு கண்களில் மேம்பட்ட கண்ணில் 3/60-க்கும் குறைவாக இருத்தல். இரண்டாவது புலம்: பார்வைப் புலம் அமைக்கும் கோணம் 10 பாகைக்கும் குறைவாக இருத்தல். குறை பார்வைக்கும் அவ்வாறே. கூர்மை 6/18-இலிருந்து 3/60 வரையாக இருக்கலாம், அல்லது புலம் 40 பாகைக்குக் குறைந்து 10 பாகை வரையாக இருக்கலாம். இரண்டில் ஒன்று போதும். அதாவது எழுத்துப் பலகையின் கடைசி வரியைப் படிப்பவரும், புலம் போதிய அளவு சுருங்கியிருந்தால், சட்டப்படி பார்வையற்றவர் ஆகலாம்.

இது பலருக்குத் தெரிவதில்லை. "உனக்குத்தான் எழுத்து தெரிகிறதே" என்று உறவினரே சொல்லிவிடுவதால் சிலர் விண்ணப்பிப்பதே இல்லை. புலத்தின் மொத்த அகலம் 10 பாகை மட்டுமே உள்ளவர் பத்து மீட்டர் தொலைவில் காண்பது ஏறத்தாழ 1.75 மீட்டர் அகலச் சாளரம். எதிரே வரும் பேருந்தின் முகப்புகூட அதில் முழுமையாக அடங்காது. நீட்டிய கையின் முட்டி மறைக்கும் பரப்பே அவருடைய உலகம். சான்றிதழுக்கு விண்ணப்பிக்கும்போது கூர்மை அளவோடு புலச் சோதனைத் தாள்களையும் இணையுங்கள். விழுக்காட்டை நிர்ணயிப்பவர் சான்று வழங்கும் அதிகாரம் பெற்ற அரசு மருத்துவர். 40 விழுக்காடும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்கே பெரும்பாலான சலுகைகள் உரியவை. நலத்திட்டங்கள் குறித்துத் தருமபுரி மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் கேட்டறியலாம்.

எங்கே செல்வது?

கண் மருத்துவ உதவியாளர் பணியாற்றும் ஆரம்ப சுகாதார நிலையத்தில் பார்வைக் கூர்மையைச் சோதித்துக்கொள்ளலாம். அடுத்த நிலைக்குப் பாலக்கோடு அரசு மருத்துவமனையும், தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும் உள்ளன. பெரிமீட்டர் எல்லா இடத்திலும் இருப்பதில்லை. சில மருத்துவமனைகளில் அதற்கெனக் குறிப்பிட்ட நாள் உண்டு. புறப்படும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். 104 என்ற சுகாதார உதவி எண்ணிலும் வழிகாட்டுதல் பெறலாம்.

கண்மணியை விரிக்கும் சொட்டு மருந்து இட்ட நாளிலேயே புலச் சோதனை செய்தால் முடிவு மாறுபடலாம். எது முதலில் என்று மருத்துவரிடம் கேளுங்கள். சொட்டு மருந்து இட்டபின் சில மணி நேரம் அருகிலுள்ளவை மங்கலாகவும் வெயில் கூசலாகவும் இருக்கும்; இருசக்கர வாகனத்தில் தனியே சென்று திரும்புவதைத் தவிர்த்து ஒருவரைத் துணைக்கு அழைத்துக்கொள்ளுங்கள். இரவு கண் விழித்துப் பணி செய்த மறுநாள் காலையில் இச்சோதனைக்குச் செல்ல வேண்டாம்.

கண் சிவந்தால் மருந்துக் கடையில் தாமாகக் கேட்டு வாங்கும் சொட்டு மருந்துகளில் சில ஸ்டீராய்டு கலந்தவை. மாதக்கணக்கில் இட்டால் அவை கண் அழுத்தத்தை உயர்த்தி நரம்பைக் கெடுக்கக்கூடும். இதுவரை எந்தச் சொட்டு மருந்து எவ்வளவு காலம் இட்டீர்கள் என்பதை மறைக்காமல் சொல்லுங்கள். காலிப் புட்டி இருந்தால் கொண்டு செல்லுங்கள்.

உங்களுக்குக் கண் நீர் அழுத்த நோய் உறுதியானால், உடன்பிறந்தவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் அது வரும் வாய்ப்பு மற்றவர்களைவிட அதிகம். அடுத்த முறை மருத்துவமனைக்குப் புறப்படும்போது நாற்பதைக் கடந்த அண்ணனையோ தங்கையையோ உடன் அழைத்துச் செல்லுங்கள். அவர்களுக்குக் கண் அழுத்தம், பார்வை நரம்பு, புலம் ஆகிய மூன்றையும் பார்க்கச் சொல்லுங்கள்.